‘ஆர்கானிக்’ என்றால் இயற்கை அல்ல; கூலிமில் தயாராவதும் அதுவல்ல

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

சென்ற ஞாயிறு பதிப்பின் அறிவியல் பக்கத்தில் மெல்லிய படலச் சூரிய மின்தகடுகளைப் பற்றி வெளிவந்த கட்டுரையைப் படித்தேன். தோட்டப்புறத்து வாசகர்களுக்கும் எட்டும்படி இத்தகைய பொருளை எழுத முன்வந்ததற்கு முதலில் நன்றி. ஆனால் அக்கட்டுரையில் இரண்டு பிழைகள் இருந்தன. ‘ஆர்கானிக்’ சூரிய மின்கலம் என்பதை ‘ரசாயனக் கலப்பின்றி இயற்கை முறையில் உருவாகும் மின்கலம்’ என்று விளக்கியிருந்தது ஒன்று. அந்த வகைத் தகடுகள்தாம் நம் மலேசியாவின் கெடா மாநிலத்துக் கூலிமில் பல ஆண்டுகளாகத் தயாராகி வருகின்றன என்று எழுதியிருந்தது மற்றொன்று. கூலிமுக்கு அண்டையிலுள்ள பாடாங் செராயில் முப்பது ஆண்டுகளுக்கு மேல் அறிவியல் பாடம் நடத்தி ஓய்வுபெற்றவன் நான். ஆசிரியத் தொழிலின் பழக்கத்தால் மட்டும் இதைச் சுட்டிக்காட்டவில்லை. அக்கட்டுரையை வெட்டி எடுத்து ஒட்டிய கோப்போடு விற்பனைப் பிரதிநிதி ஒருவர் செவ்வாய்க்கிழமை எங்கள் தோட்டத்து மாரியம்மன் கோயில் கமிட்டியைப் பார்க்க வந்துவிட்டார் என்பதாலும், கமிட்டி கையெழுத்துப் போடும் நிலைக்கு வந்துவிட்டது என்பதாலும்தான் இக்கடிதத்தைச் சற்று நீளமாகவே எழுதுகிறேன்.

அந்த இளைஞர் எங்கள் தலைவரிடம் சொன்ன வாசகம் இது: “அண்ணே, சந்தையில ஆர்கானிக் கீரை வாங்குறோமே, அது மாதிரிதான் இதுவும், ரசாயனமே கிடையாது.” அவர் பொய் சொல்ல வேண்டும் என்று சொன்னதாக நான் நினைக்கவில்லை, கட்டுரையில் இருந்ததைத்தான் சொன்னார். ‘ஆர்கானிக்’ என்ற ஒரே சொல் விவசாயத்தில் ஒரு பொருளிலும் வேதியியலில் வேறொரு பொருளிலும் வழங்குகிறது. வேதியியலில் அதற்குக் கரிமம் என்னும் தனிமத்தை முதுகெலும்பாகக் கொண்ட சேர்மம் என்பதற்கு மேல் பொருள் கிடையாது. சர்க்கரையும் கரிமச் சேர்மம், மண்ணெண்ணெயும் கரிமச் சேர்மம், கடைக்காரர் மீனைப் போட்டுத் தரும் பிளாஸ்டிக் பையும் கரிமச் சேர்மம்தான். இந்த மின்கலங்களில் ஒளியை விழுங்கும் பொருள் ஆய்வுக்கூடத்தில் பல படிகளில் தயாரிக்கப்படும் செயற்கை மூலக்கூறு. அதைக் கரைத்து மையாக்கிப் பூசுவதற்குக் குளோரோபார்ம், குளோரோபென்சீன் போன்ற நச்சுக் கரைப்பான்களை நெடுங்காலமாகப் பயன்படுத்தி வருகிறார்கள். அவற்றுக்குப் பதிலாகத் தீங்கு குறைந்தவற்றைத் தேடுவதே ஒரு தனி ஆராய்ச்சியாக நடந்துகொண்டிருக்கிறது. ஆகவே ‘இயற்கைச் சூரிய மின்கலம்’ என்று எழுதுவதைக் கைவிட்டுக் ‘கரிமச் சூரிய மின்கலம்’ என்றே எழுதினால் பாதிக் குழப்பம் தீரும்.

கட்டுரையாளர் உவமை தேடியிருந்தால் கீரையை விட்டு நம் பால்மரத்திடம் வந்திருக்கலாம். மங்குக் கிண்ணத்தில் சொட்டிய ரப்பர் பாலும் கரிமப் பாலிமர்தான். ஐசோப்ரீன் என்னும் சிறு மூலக்கூறு ஆயிரக்கணக்கில் கோத்துக்கொண்ட நீண்ட சங்கிலி அது. ஆனால் அதில் மின்சாரம் பாயாது; பாயாததால்தான் கம்பிகளுக்கு உறையாகவும் மின்பணியாளர்களின் கையுறையாகவும் ரப்பர் பயன்படுகிறது. ரப்பரின் சங்கிலியில் இரட்டைப் பிணைப்புகள் உண்டு என்றாலும் அவை ஒன்றுக்கொன்று தள்ளித் தள்ளி நிற்கின்றன. ஒற்றை, இரட்டை, ஒற்றை, இரட்டை என்று பிணைப்புகள் இடைவிடாமல் மாறி மாறி வரும் சங்கிலியாக இருந்தால் எலக்ட்ரான்கள் ஓர் அணுவோடு கட்டுண்டு கிடக்காமல் சங்கிலி நெடுகப் பரவி நிற்கும். பாலிஅசெட்டிலீன் என்பது அத்தகைய சங்கிலி. 1977-இல் ஆலன் ஹீகர், ஆலன் மெக்டியார்மிட், ஹிடேகி ஷிரகாவா ஆகிய மூவரும் அதன்மேல் அயோடின் ஆவியைப் படவிட்டபோது அதன் கடத்துதிறன் பல கோடி மடங்கு உயர்ந்தது. 2000-ஆம் ஆண்டின் வேதியியல் நோபல் பரிசு அதற்காகத்தான் அவர்களுக்குக் கிடைத்தது. பிளாஸ்டிக்கில் மின்சாரம் பாயும் என்ற அந்த அறிவு இல்லாமல் பிளாஸ்டிக்கில் சூரிய மின்கலம் என்ற எண்ணத்துக்கு இடமே இருந்திருக்காது.

பாய்வது வேறு, வெயிலிலிருந்து மின்சாரம் எடுப்பது வேறு. சிலிக்கானில் ஒளி பட்டதும் எலக்ட்ரானும் அது விட்டுச்சென்ற துளையும் எளிதில் பிரிந்துவிடும். கரிமப் பொருளிலோ அவை இரண்டும் ஒன்றையொன்று பற்றிக்கொண்டு ஓர் இணையாகவே திரியும். சுமார் 10 நானோமீட்டர், அதாவது ஒரு மில்லிமீட்டரில் லட்சத்தில் ஒரு பங்கு, தூரம் போவதற்குள் அவற்றைப் பிரிக்கும் எல்லை ஒன்று எதிர்ப்படாவிட்டால் மீண்டும் சேர்ந்து வெப்பமாகவோ மங்கிய ஒளியாகவோ வீணாகும். 1986-இல் கோடாக் நிறுவனத்தில் பணியாற்றிய சிங் டாங், எலக்ட்ரானைக் கொடுக்கும் பொருள் ஓர் அடுக்கு, வாங்கும் பொருள் மறு அடுக்கு என இரண்டை ஒன்றன்மேல் ஒன்றாக வைத்துச் சுமார் 1 விழுக்காடு திறன் (விழும் ஒளியில் மின்சாரமாக மாறும் பங்கு) கண்டார். குழாய்ப் புட்டில் மாவு ஒரு கை, தேங்காய்ப்பூ ஒரு கை என்று இடுவது போன்ற அமைப்பு அது: மாவின் நடுப்பகுதியைக் கடித்தால் தேங்காய் தட்டுப்படாது. 1995 வாக்கில் ஹீகரின் குழுவும் கேம்பிரிட்ஜ் ஆய்வாளர்களும் இரண்டையும் முன்கூட்டியே பிசறிவிட்டால் என்ன என்று கேட்டார்கள். தேங்காயை மாவோடு பிசறிவிட்டால் எங்கே கடித்தாலும் தேங்காய் கிடைக்கும். அதுபோல எலக்ட்ரான் இணை எங்கே தோன்றினாலும் பிரிக்கும் எல்லை பக்கத்திலேயே இருக்கும். பிசறல் அளவுக்கு மீறினாலும் தொல்லை உண்டு, ஏனெனில் பிரிந்த மின்னூட்டங்கள் வெளியேறுவதற்கு அறுபடாத பாதை இரு பொருளிலும் வேண்டும். அடுத்த இருபது ஆண்டுகளும் பெரும்பாலும் இந்தப் பக்குவத்தைத் தேடியதிலேயே கழிந்தன. 2019-இல் சீனாவின் சாங்ஷா நகரில் ஸோ யிங்பிங் குழுவினர் எலக்ட்ரானை வாங்கும் ‘ஒய்6’ என்ற புதிய ஏற்பி மூலக்கூற்றால் 15.7 விழுக்காட்டை எட்டினார்கள். இன்று ஆய்வுக்கூடத்துச் சிறு கலங்கள் 20 விழுக்காட்டைத் தொட்டிருக்கின்றன. ஆய்வுக்கூடக் கலம் என்பது பல வேளைகளில் விரல் நகத்தின் அளவுகூட இராது என்பதையும் வாசகர்களுக்குச் சொல்லியிருக்க வேண்டும்.

இனி கூலிம். கூலிம் உயர் தொழில்நுட்பப் பூங்காவில் ஃபர்ஸ்ட் சோலார் நிறுவனம் 2008-இல் உற்பத்தியைத் தொடங்கியது. என் மாணவர்களில் சிலரே அங்கு வேலைக்குப் போயிருக்கிறார்கள். அங்கே உருவாவது கரிமக் கலம் அன்று. காட்மியம் டெல்லூரைடு என்னும் கனிமச் சேர்மத்தாலான மெல்லிய படலத் தகடு. ‘மெல்லிய படலம்’ என்பது பொருளின் பெயரே அன்று, அது வெறும் தடிமனைப் பற்றிய பேச்சு. நம் வீட்டுக் கூரைகளில் காணும் வழக்கமான சிலிக்கான் தகட்டில், பாளமாக வளர்த்த படிகத்தைச் சீவி எடுத்த சில்லுகள் சுமார் 150 மைக்ரோமீட்டர் தடிமன் இருக்கும், அதாவது நம் தலைமுடியைப் போல இரண்டு மடங்கு. சிலிக்கான் ஒளியை மெதுவாக விழுங்கும் இயல்புடையது. ஆகவே அதற்கு அவ்வளவு ஆழம் தேவைப்படுகிறது. காட்மியம் டெல்லூரைடு ஒளியை ஆவலோடு விழுங்கும். 3 மைக்ரோமீட்டர் போதும். பொருளை வெற்றிடத்தில் ஆவியாக்கிச் சூடான கண்ணாடிமேல் நேரடியாகப் படியவைத்து, காட்மியம் குளோரைடு பூசி ஏறத்தாழ 400 பாகை செல்சியசில் வாட்டி எடுப்பார்கள். இந்த வாட்டல் இல்லாவிட்டால் படலத்தின் குறைகள் ஆறாமல் திறன் படுத்துவிடும். பிறகு லேசர் கதிரால் கோடு கிழித்துத் தனித்தனிக் கலங்களாக்கி, மேலே இன்னொரு கண்ணாடியை வைத்து மூடிவிடுகிறார்கள். சில்லுகளை ஒவ்வொன்றாக அடுக்கிக் கம்பியால் இணைக்கும் வேலையே அங்கில்லை. கரிமக் கலமோ இதைவிட மெல்லியது: அதன் ஒளி விழுங்கும் அடுக்கு 100 முதல் 300 நானோமீட்டர்தான், கூலிம் படலத்தில் பத்தில் ஒரு பங்கு அல்லது அதற்கும் குறைவு. இரண்டும் மெல்லியவை என்பதற்காக இரண்டையும் ஒன்றென்று எழுதுவது, ரப்பர் ஷீட்டும் அப்பளமும் தட்டையாக இருப்பதால் ஒன்றே என்று சொல்வதற்குச் சமம்.

காட்மியம் என்ற பெயரைக் கேட்டதும் சிலர் அஞ்சுவார்கள். அந்த அச்சம் முற்றிலும் தவறன்று. காட்மியம் சிறுநீரகத்தையும் எலும்பையும் கெடுக்கும் உலோகம். கணக்கையும் பார்க்க வேண்டும்: 3 மைக்ரோமீட்டர் தடிமனில் ஒரு சதுர மீட்டர் தகட்டில் இருக்கும் காட்மியம் டெல்லூரைடு 20 கிராமுக்கும் குறைவு, அதிலும் காட்மியத்தின் பங்கு பாதிக்கும் சற்றுக் குறைவு. டெல்லூரியத்தோடு சேர்ந்த நிலையில் அது நீரில் எளிதில் கரையாது, உருகுநிலையும் 1,000 பாகைக்கு மேல், இரு கண்ணாடிகளுக்கு நடுவே அடைபட்டும் இருக்கிறது. உடைந்த தகட்டை ஆற்றோரத்தில் கொட்டாமல் திருப்பி அனுப்பும் வழி இருந்தால் போதும், கூரைமேல் இருக்கும்வரை அதற்கு நான் அஞ்சமாட்டேன். டெல்லூரியம் அரிதாகக் கிடைப்பது, தாமிரத்தைச் சுத்திகரிக்கும்போது துணைப்பொருளாக வருவது. அதனாலேயே பழைய தகட்டிலிருந்து அதை மீட்பது வணிக நோக்கிலும் பொருளுள்ள வேலையாக இருக்கிறது.

மெல்லிய படலக் குடும்பத்தில் வேறு உறுப்பினர்களும் உண்டு. பள்ளிப் பிள்ளைகளின் கணிப்பான்களில் கருஞ்சிவப்புக் கீற்றுகளாகத் தெரிபவை படிகமற்ற சிலிக்கான். வெயிலில் வைத்த முதல் சில மாதங்களிலேயே திறன் இறங்கிவிடும் அதன் குறையை ஸ்டேப்ளரும் ரான்ஸ்கியும் 1977-இலேயே கண்டுசொன்னார்கள். தாமிரம், இண்டியம், காலியம், செலினியம் சேர்ந்த படலத்தை நம்பி இறங்கிய அமெரிக்காவின் சொலிண்ட்ரா 2011-இல் திவாலானது. பெரோவ்ஸ்கைட் என்னும் படிக வகை இப்போது எல்லோரும் பேசும் பொருள்: ஜப்பானில் மியாசாக்கா குழுவினர் 2009-இல் 3.8 விழுக்காட்டோடு தொடங்கியது, இன்று ஆய்வுக்கூடத்தில் 26 விழுக்காட்டைத் தாண்டிவிட்டது. அதில் ஈயம் இருக்கிறது. ஈரம் பட்டால் கறுப்புப் படலம் சிதைந்து மஞ்சள் நிற ஈய அயோடைடாக மாறிவிடும்.

ஈரம் என்றதும் எங்கள் கோயில் மண்டபத்துக்குத் திரும்புகிறேன். அந்தப் பிரதிநிதி கொண்டுவந்தது சுருட்டி வைக்கக்கூடிய, பசை தடவிய படலம். ஜிங்க் கூரைமேல் அப்படியே ஒட்டிவிடலாம் என்றார். கண்ணாடித் தகடு சதுர மீட்டருக்குப் பத்துக் கிலோவுக்கு மேல் கனக்கும், இது இரண்டு கிலோகூட வராது, பழைய மண்டபத்துத் தூண்களுக்கு நல்லது என்றார். அது உண்மைதான், நானும் தலையாட்டினேன். பிறகு விவரத்தாளை வாங்கிப் பார்த்தேன். ஒளி விழுங்கும் பொருள் எது என்று எங்கும் எழுதப்படவில்லை. திறன் 8 விழுக்காடு. உத்தரவாதம் 5 ஆண்டு. அவர் வாயால் சொன்னது 25. சதுர மீட்டருக்கு 1,000 வாட் விழும் நேர்வெயிலில் 8 விழுக்காடு என்றால் 80 வாட். மண்டபத்துக்கு வேண்டிய 5 கிலோவாட்டுக்கு 62 சதுர மீட்டருக்குமேல் படலம் ஒட்ட வேண்டும். 21 விழுக்காட்டுச் சிலிக்கான் தகடானால் 24 சதுர மீட்டரில் அதே மின்சாரம் கிடைக்கும். விலையை அவர் சதுர மீட்டருக்கு இவ்வளவு வெள்ளி (ரிங்கிட்) என்று சொன்னபோது மலிவாகத் தெரிந்தது. ஒரு வாட்டுக்கு எவ்வளவு என்று வகுத்துப் பார்த்ததும் செயலாளரின் முகம் மாறிவிட்டது. ஈர வெப்பச் சோதனைச் சான்றிதழ் இருக்கிறதா என்று கேட்டதற்கு, அலுவலகத்தில் விசாரித்துச் சொல்வதாகக் கூறிவிட்டுப் போனார். இன்றுவரை பதில் வரவில்லை.

அந்தச் சோதனையைப் பற்றி உங்கள் கட்டுரையில் ஒரு வரிகூட இல்லாததுதான் எனக்குப் பெருங்குறையாகப் பட்டது. சூரிய மின்தகடுகளுக்கான அனைத்துலகத் தரமான ஐஇசி 61215-இன்படி, தகட்டை 85 பாகை செல்சியஸ் வெப்பத்திலும் 85 விழுக்காடு ஈரப்பதத்திலும் தொடர்ந்து 1,000 மணி நேரம், அதாவது ஏறத்தாழ 42 நாள், அடைத்து வைத்துப் பார்க்க வேண்டும். வறண்ட நாட்டுக்காரர்களுக்கு இது பல சோதனைகளுள் ஒன்றாக இருக்கலாம். விடியற்காலையில் துணிக்கொடியில் காயப்போட்ட துணி இரவைவிட ஈரமாக இருக்கும் நம் ஊரில் இதுவே முதல் கேள்வி. கரிமப் படலத்துக்கு நீராவியும் ஆக்சிஜனும் ஒளியோடு சேர்ந்து எதிரி. ஒளியில் ஆக்சிஜன், கரிம மூலக்கூற்றின் சங்கிலியைத் தாக்கி நிறத்தை வெளுக்கச் செய்கிறது. ஈரம் உள்ளே புகுந்தால் உலோக மின்வாய் ஓரங்களிலிருந்து ஆக்சைடாக மாறிக்கொண்டே போகிறது. மின்னூட்டத்தைக் கடத்துவதற்காக நடுவில் பூசப்படும் கடத்தும் பாலிமர் ஒன்று தானே அமிலத்தன்மையுடையதாகவும் ஈரத்தை உறிஞ்சுவதாகவும் இருந்து, பக்கத்திலுள்ள இண்டியம் ஆக்சைடு அடுக்கை அரிக்கிறது. டின் மூடியை மறந்துபோய்த் திறந்து வைத்த அப்பளம் மழைநாளில் என்ன ஆகுமோ அதுதான் காப்பு உறை சரியில்லாத கரிமக் கலத்துக்கும். கண்ணாடியால் இருபுறமும் மூடினால் ஈரம் புகாது, ஆனால் அப்புறம் வளையாது, கனமும் கூடும். வளையும்படி பிளாஸ்டிக்கால் மூடினால் நீராவி மெல்ல ஊடுருவும். ஊடுருவாத பல அடுக்குத் தடுப்புப் படலம் வேண்டுமென்றால் விலை ஏறும். இத்தொழில்நுட்பத்தின் முழுச் சிக்கலும் இந்த மூன்றுக்கும் நடுவில்தான் கிடக்கிறது.

இதை நான் புத்தகத்தில் மட்டும் படிக்கவில்லை. ஓய்வுபெறுவதற்குச் சில ஆண்டுகளுக்கு முன் மாணவர்களோடு சாயச் சூரிய மின்கலம் ஒன்று செய்துபார்த்தோம். 1991-இல் சுவிட்சர்லாந்தின் லோசானில் ஓரீகனும் கிரேட்சலும் வெளியிட்ட முறையின் எளிய வடிவம் அது: கடத்தும் கண்ணாடிமேல் வெள்ளைச் சாயத்தில் சேரும் டைட்டானியம் டைஆக்சைடைப் பூசிச் சுட்டு, சங்குப்பூச் சாற்றில் ஊறவைத்து, எதிர்க்கண்ணாடியில் பென்சில் கரியைத் தேய்த்து, நடுவில் அயோடின் கரைசலை விட்டோம். வெயிலில் வைத்ததும் மானியில் முள் அசைந்தது. அரை வோல்ட்கூட வரவில்லை என்றாலும் பிள்ளைகள் ஆரவாரம் செய்தார்கள். அடுத்த வாரம் எடுத்துப் பார்த்தபோது ஓரங்களில் கரைசல் காய்ந்து, நீலம் வெளிறி, முள் அசையவே இல்லை. சங்குப்பூ ஒருவேளை உங்கள் கட்டுரையாளர் சொல்லும் ‘இயற்கை’யாக இருக்கலாம், ஒரு வாரத்துக்குமேல் அது தாங்கவில்லை என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

வெப்பத்திலும் ஒரு நுணுக்கம் உண்டு, அது கூலிம் தகட்டுக்குச் சாதகமானது. விவரத்தாளில் போடும் திறன் 25 பாகையில் அளந்தது. மதியத்தில் தகடு 65 பாகையைத் தொட்டால், பாகைக்கு 0.4 விழுக்காடு இழக்கும் பழைய சிலிக்கான் தகடு 16 விழுக்காட்டை இழந்துவிடும், பாகைக்கு 0.3 அளவில் இழக்கும் காட்மியம் டெல்லூரைடு 12 விழுக்காட்டோடு நிற்கும். புதிய சிலிக்கான் வகைகள் இந்த இடைவெளியைக் குறைத்துவிட்டன. இன்னொன்று, நம் வானத்தில் எப்போதும் தங்கியிருக்கும் நீராவி, 940 நானோமீட்டர் பக்கத்து அகச்சிவப்பு ஒளியை விழுங்கிவிடுகிறது. சிலிக்கான் அந்த ஒளியையும் நம்பி வாழ்வது, காட்மியம் டெல்லூரைடு சுமார் 850-க்கு மேல் எதையும் எதிர்பார்ப்பதில்லை, ஆகவே இழப்பும் இல்லை. கரிமக் கலங்களும் வெப்பத்தால் அதிகம் சோர்வதில்லை என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் காற்றோட்டமே இல்லாமல் ஜிங்க் தகட்டோடு ஒட்டிய படலத்தின் சூடு, சட்டத்தின்மேல் தூக்கி வைத்த தகட்டின் சூட்டைவிடக் கூடுதலாகத்தான் இருக்கும். விற்பவர் சொல்லும் வசதியே அதற்கு வினையாகிறது.

கரிமக் கலத்தை வேண்டாம் என்று சொல்ல நான் வரவில்லை. அச்சு இயந்திரத்தில் செய்தித்தாள் ஓடுவதுபோல உருளைக்கு உருளை பிளாஸ்டிக் சுருளை ஓடவிட்டு அச்சடிக்கலாம் என்பது அதன் தனிச்சிறப்பு. பழைய ரப்பர் ஷீட் இயந்திரத்தின் உருளைகளைப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு அந்தக் காட்சி அந்நியமாக இராது. அறைக்குள் எரியும் மங்கிய விளக்கொளியில் சிறு உணரிகளை இயக்கவும், கனம் தாங்காத சுவர்களில் ஒட்டவும், ஒளி ஊடுருவும் சன்னல்களாகவும் அது வரத்தான் போகிறது. ஜெர்மனியின் ட்ரெஸ்டன் நகரில் ஹீலியாடெக் நிறுவனம் மூலக்கூறுகளை வெற்றிடத்தில் ஆவியாக்கிப் படியவைத்து ஒட்டும் படலமாகவே விற்பனைக்குக் கொண்டுவந்தது. அதேவேளை, நோபல் பரிசு பெற்ற ஹீகரே நிறுவனர்களுள் ஒருவராக இருந்து 2001-இல் தொடங்கிய கொனார்கா 2012-இல் திவாலானதையும் மறக்கலாகாது. நேற்று முளைத்த ஒரு நிறுவனம் 25 ஆண்டு உத்தரவாதம் தரும்போது, தகட்டின் ஆயுளைக் கேட்பதோடு கொடுப்பவரின் ஆயுளையும் கேட்க வேண்டியிருக்கிறது. இங்கே வீட்டுக் கூரைகளுக்கு வருபவர்கள், நீடித்த எரிசக்தி மேம்பாட்டு ஆணையமான செடாவின் பதிவுப் பட்டியலில் இருக்கிறார்களா என்று பார்ப்பது யாருக்கும் எளிது; எங்கள் கமிட்டி அதையும் முதலில் பார்க்கவில்லை.

எனவே தங்களிடம் என் வேண்டுகோள் இரண்டு. கூலிமில் தயாராவது காட்மியம் டெல்லூரைடு தகடு, கரிமத் தகடு அன்று என்ற திருத்தத்தையும், ‘ஆர்கானிக்’ என்பதற்கு இவ்விடத்தில் ‘கரிம’ என்பதே பொருள் என்ற விளக்கத்தையும், மூலக்கட்டுரை வந்த அதே ஞாயிறு பக்கத்தில் அதே அளவு எழுத்தில் வெளியிட வேண்டும். உள்பக்க மூலையில் இரண்டு வரியாகப் போட்டால் அந்தப் பிரதிநிதியின் கோப்பில் அது ஒட்டப்படாது. இரண்டாவதாக, கட்டுரையாளர் தொடர்ந்து எழுதுவதானால், அடுத்த பகுதியில் ஈர வெப்பச் சோதனையைப் பற்றியும், ஆயுள் முடிந்த தகடுகள் எங்கே போகும் என்பதைப் பற்றியும் எழுதட்டும். எங்கள் கமிட்டி முடிவை அடுத்த மாதக் கூட்டத்துக்குத் தள்ளிவைத்திருக்கிறது. அதற்குள் அப்பகுதி வந்துவிட்டால் கூட்டத்திலேயே வாசித்துக்காட்ட வசதியாக இருக்கும்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற அறிவியல் ஆசிரியர் ஒருவர்,
பாடாங் செராய், கெடா.